பால்மரத்துச் சாமியின் தாடி

மகான்களின் வாழ்க்கையைப் படமாக எடுக்கிறவனுக்கு மகானைத் தவிர மற்ற எல்லார் மேலும் சந்தேகம் வரும். மதியச் சாப்பாடு தாமதமானால் மகான் மேலும் வரும்.

என் பெயர் அந்தோணி. ஈப்போவில் ஒரு துணிக்கடைக்கு மேலே, செங்குத்தான படிக்கட்டில் மூச்சு வாங்க ஏறி வந்தால் என் கம்பெனி. சாமியார், சித்தர், பாதிரியார், யாராக இருந்தாலும் என் படத்தில் ஒன்றரை மணி நேரத்துக்குள் பிறந்து, கஷ்டப்பட்டு, அற்புதம் செய்து, மறைந்துவிடுவார்கள். திருவிழாவில் திரை கட்டிப் போடுவார்கள். தேவாலய மண்டபத்தில் பிஸ்கட்டும் கோப்பியும் கொடுத்துப் போடுவார்கள். அதிர்ஷ்டம் இருந்தால் டிவிக்காரர்கள் தீபாவளிக்கு மறுநாள் மதியம், நாடே சாப்பிட்டுவிட்டுத் தூங்கும் நேரமாகப் பார்த்துப் போடுவார்கள். கோயில் மலர் அடிக்கிறவர்கள், கல்யாண வீடியோ எடுக்கிறவர்கள், மேடை நாடகம் போட்டு நொந்தவர்கள் யாராவது இதைப் படித்தால் என் வயிற்றெரிச்சல் உங்களுக்கு விளங்கும். மற்றவர்கள் சிரித்துவிட்டுப் போங்கள். பால்மரத்துச் சாமி படத்தை எடுத்து நான் பட்ட பாடு இது.

தண்ணீர் மேல் நடக்காதவர்

பால்மரத்துச் சாமி என்பவர் சுங்கை சிப்புட்டுக்கும் கோலா கங்சாருக்கும் நடுவில் இருந்த ஒரு ரப்பர் தோட்டத்தில், பால்மரங்களுக்கு இடையில் குடிசை போட்டு வாழ்ந்தவர். தோட்டம் போய், தொழிலாளர் குடியிருந்த லயம் போய், இப்போது அங்கே எண்ணெய்க்கான செம்பனை நிற்கிறது. சனங்கள் ஈப்போவுக்கும் தைப்பிங்கிற்கும் வேலைக்குப் போய்விட்டார்கள். சாமியின் சின்னக் கோயில் மட்டும் இருக்கிறது, வருஷத்துக்கு ஒரு தடவை குருபூஜைக்கு எல்லாரும் காரை, எங்கள் பேச்சில் காடியை, எடுத்துக்கொண்டு வந்துவிடுவார்கள். அந்தக் கோயில் கமிட்டி என்னைக் கூப்பிட்டது. தலைவர் பெருமாள் என்னை மேலும் கீழும் பார்த்தார். "பேரு அந்தோணியா? அப்ப நீங்க வேதக்காரரு" என்றார். ஆமாம் என்றேன். கமிட்டியில் ஆறேழு பேர் ஒரே நேரத்தில் நாற்காலியை நகர்த்தி உட்கார்ந்தார்கள். தைப்பிங்கில் ஒரு பாதிரியாரைப் பற்றிப் படம் எடுத்தபோது என் கேமராமேன் நெற்றியில் இருந்த திருநீற்றைப் பார்த்து அங்கேயும் இதே மாதிரிதான் நாற்காலி நகர்ந்தது. அதைச் சொல்லலாமா என்று யோசித்து, வாயை மூடிக்கொண்டேன்.

தலைவர் நிபந்தனைகளைச் சொல்ல ஆரம்பித்தார். படப்பிடிப்பில் மாமிசம் கூடாது. சாமியாக நடிப்பவர் முதல் நாள் கையில் காப்புக் கட்ட வேண்டும், திருவிழாவில் கட்டுகிற மாதிரி மஞ்சள் கயிறு. படம் முடிந்ததும் குருபூஜை அன்றைக்குக் காப்பை அவிழ்த்து, வேஷத்தை, அதாவது தாடி, காவி வேட்டி, உருத்திராட்சம் எல்லாவற்றையும் பேராக் ஆற்றில் விட்டுவிட வேண்டும். "அதுக்கப்புறம் அந்த வேஷத்த யாரும் தொடக் கூடாது. தொட்டா வீட்டுக்கு ஆகாது" என்றார். எல்லாவற்றுக்கும் தலையாட்டினேன். கையெழுத்துப் போட்டுக் கை குலுக்கியாயிற்று. வாசல் வரைக்கும் என் பின்னாலேயே வந்தார், சப்பாத்து மாட்டும் வரை நின்றார், எதையோ கேட்கத் தயங்குகிறார் என்று தெரிந்தது. கடைசியில் கேட்டேவிட்டார்.

"எல்லாம் சரி, ஆனா ஒண்ணு, படத்துல எங்க சாமி தண்ணி மேல மட்டும் நடக்கக் கூடாதுலா."

கனவில் வந்த சிபாரிசு

சாமியாக நடிக்க ஆள் வேண்டும் என்று சொன்ன மறுநாளே என் படிக்கட்டில் கூட்டம். வந்தவர்கள் எல்லார் கனவிலும் சாமி வந்திருந்தார். ஒருவர் கனவில் வந்து "நீதான்டா நான்" என்று சொல்லியிருக்கிறார். இன்னொருவர் கனவில் இங்கிலீஷில் பேசியிருக்கிறார். நான் சும்மா இருப்பேனா? கனவில் சாமி எந்த உடையில் வந்தார் என்று ஒவ்வொருவரையும் தனித்தனியாகக் கேட்டேன். எல்லாரும் கோயில் காலண்டரில் இருப்பதை அச்சுப் பிசகாமல் சொன்னார்கள். ஓவியர் தெரியாமல் வரைந்துவிட்ட ஆறாவது விரலைக்கூட ஒருவர் விடவில்லை.

அப்போதுதான் பக்கத்துக் கட்டடத்தில் மணல் கொட்ட ஒரு லோரி வந்தது. ஓட்டுநர் தலையை வெளியே நீட்டி, பாதையை அடைத்து நின்ற என் காடியை எடுக்கச் சொல்லிக் கத்தினார். சண்டை போடலாம் என்று திரும்பியவன் அப்படியே நின்றுவிட்டேன். கமிட்டி கொடுத்த ஒரே பழைய போட்டோவில் இருந்த அதே கண், அதே மூக்கு. தாடி மட்டும் இல்லை. பெயர் ராஜமாணிக்கம், ஊரே ராஜு அண்ணே என்று கூப்பிடும், வீடு புந்தோங்கில். விஷயத்தைச் சொன்னதும் சிரித்தார். "சாமி பைத்தியமெல்லாம் என் வீட்டுக்காரி சரசுவுக்குத்தான். காலையில அந்தப் போட்டோவப் பாக்காம கோப்பிகூடக் குடிக்க மாட்டா. அவளுக்காக வேணா வாரேன்" என்றார். நான் சந்தேகம் விடாமல், சாமி உங்கள் கனவில் வந்திருக்கிறாரா என்று கேட்டேன்.

"கனவா? எனக்குப் படுத்தா தூக்கந்தான் வரும் தம்பி."

உட்காருங்க, மொகத்தப் பாருங்க

முகம் கிடைத்துவிட்டது, குரல் மாட்டிக்கொண்டது. சாமியை நேரில் பார்த்தவர்கள் எல்லாரும் சொல்வது ஒன்றுதான்: சாமி பேசினால் குனிந்துதான் கேட்க வேண்டும், அவ்வளவு மெதுவாகப் பேசுவார். யார் வந்தாலும் முதலில் "சாப்பிட்டியா?" என்று கேட்பார். பதில் வரும் வரை காத்திருப்பார். ராஜு அண்ணனுக்கோ லோரி இன்ஜினுக்கு மேல் கத்திக் கத்தியே குரல் அப்படி ஆகிவிட்டது. முதல் ஒத்திகையில் அவர் "சாப்பிட்டியா?" என்று கேட்டதும் எதிரில் இருந்த பெண் சாப்பிடாமல் தப்பு செய்துவிட்ட மாதிரி எழுந்து நின்றுவிட்டாள்.

தினமும் உட்கார்த்திவைத்துச் சொல்லிக் கொடுத்தேன். "அண்ணே, முதல்ல உட்காருங்க. நின்னுக்கிட்டுப் பேசாதீங்க. மொகத்தப் பாருங்க. கேட்டுட்டு சும்மா இருங்க. அவங்க சொல்லி முடிக்கட்டும். குறுக்க விழாதீங்க." அந்த மனுஷனுக்கு இதில் எது கஷ்டம் என்றால், சும்மா இருப்பதுதான். அடுத்தவர் வாயைத் திறப்பதற்குள் இவர் பதில் சொல்லிவிடுவார். வியர்த்துக் கொட்டும். ஒப்பனை செய்யும் தங்கம் அக்கா துடைத்துவிட்டுக்கொண்டே இருப்பார். பல நாள் போராட்டத்துக்குப் பிறகு ஒரு மத்தியானம் சரியாக வந்தது. அவர் மெதுவாகக் கேட்டு, காத்திருந்து, தலையசைத்தபோது எனக்கே மெய் சிலிர்த்தது. கட் சொன்னதும் அண்ணன் சுற்றிலும் ஒரு தடவை பார்த்துவிட்டு, கூச்சத்தோடு என் காதில் சொன்னார்.

"கல்யாணம் கட்டி முப்பது வருஷத்துல சரசுகிட்ட நான் இப்படிப் பேசினதில்ல தம்பி, கேட்டா சிரிப்பா."

படமா, மந்திரமா?

பால்மரத்துச் சாமியின் படத்துக்குப் பால்மரம் கிடைக்கவில்லை. எங்கே பார்த்தாலும் செம்பனை. கடைசியில் கோலா கங்சார் பக்கம் ஒரு கம்போங்கில், அதாவது மலாய்க் கிராமத்தில், வெட்டாமல் விட்டுவைத்த சின்னத் துண்டு நிலம் கிடைத்தது. உரிமையாளர் வயதான ஒரு மலாய்க்காரர், எல்லாருக்கும் பாக்சிக். முதல் நாள் பூசையில் நாங்கள் தேங்காய் உடைத்து, கற்பூரம் ஏற்றி, அண்ணன் கையில் காப்புக் கட்டியதைத் தூரத்தில் நின்று பார்த்துக்கொண்டே இருந்தார். தாடி வைத்த ஆள், சாம்பல், புகை, காட்டுக்குள் பத்துப் பேர் வட்டமாக. அவர் இடத்தில் நான் இருந்தால் போலீசைக் கூப்பிட்டிருப்பேன். கேமராவைக் காட்டி, மானிட்டரைக் காட்டி, படம்தான் எடுக்கிறோம் என்று விளக்கினேன். படம் எடுக்கலாம், பேயைக் கூப்பிடக் கூடாது என்று விரலை ஆட்டி மலாயில் எச்சரித்துவிட்டுப் போனார்.

"பிலெம் போலே, ஹந்து ஜாங்ஙான்."

நம்பர் கொடுத்த சாமி

விஷயம் பரவி, கோயிலில் இருந்து சனம் வர ஆரம்பித்தது. ஷாட்டுக்கும் ஷாட்டுக்கும் இடையில் அண்ணன் ஒரு மரத்தடியில் காவியோடு உட்கார்ந்திருப்பார். பார்த்தவர்கள் நேரே போய்க் காலில் விழுந்தார்கள். "நான் லோரி ஓட்டுறவன்" என்று அவர் எவ்வளவோ சொன்னார். "சாமி எந்த ரூபத்துலயும் வரும்" என்றார்கள். ஒருவர் லாட்டரியில் கட்ட நாலு நம்பர் கேட்டார். அண்ணன் பழக்கத்தில் "சாப்பிட்டியா?" என்றார். அந்த ஆள் அன்றைக்குச் சாப்பிட்ட ரொட்டி சானாயின் விலையையும், தே தாரே டீயின் விலையையும் சேர்த்து நம்பராகக் கட்டி, அது எப்படியோ விழுந்தும் தொலைத்தது. மறுநாள் வண்டி வண்டியாக ஆள். ரோட்டோரத்தில் தண்ணீர்க்கடை வைத்திருந்த சீனப் பெரியவர், எல்லாருக்கும் ஆப்பே, ஊதுவத்தியோடு முன்வரிசையில் நின்றார்.

அங்கேதான் எனக்கு அரிக்க ஆரம்பித்தது. முதல் நாள் கூசிக் காலை இழுத்துக்கொண்ட அண்ணன் இப்போது இழுக்கவில்லை. உட்கார்ந்து, முகத்தைப் பார்த்து, காத்திருந்து கேட்கிறார். ஒரு பெண் அழுதுகொண்டே மருமகளைப் பற்றிச் சொன்னதை அரைமணி நேரம் கேட்டார். லைட் போய்விட்டது, ஷாட் போய்விட்டது. வேஷம் போட்டுப் பார்த்துவிட்டுப் பிறகு அதிலேயே பிழைப்பை நடத்தும் ஆள்களை இந்தத் தொழிலில் நான் பார்த்திருக்கிறேன். அப்படி ஏதாவது நடந்தால் கமிட்டி படத்தை நிறுத்திவிடும், வேதக்காரன் போலிச் சாமியாரை உருவாக்கினான் என்று என் பெயர் நாறும். "அது நிஜ சாமி இல்ல ஆப்பே, நடிகர்" என்று முன்வரிசையைக் கலைக்கப் பார்த்தேன். ஆப்பே ஊதுவத்தியை அணைக்காமலே திரும்பினார்.

"பொய் சாமி, நெஜ சாமி, நமக்கு என்னா தம்பி, நம்பர் அடிச்சா போதும்லா."

தாடி காணாமல் போகும் நாள்கள்

செவ்வாய், வியாழன், சனி மூன்று நாளும் லோரி வேலை இருக்கிறது, ஷூட்டிங்குக்கு வர முடியாது என்று அண்ணன் ஆரம்பத்திலேயே சொல்லியிருந்தார். அந்த நாள்களில் மற்றவர்களை வைத்து எடுப்போம். படம் பாதி முடிந்த சமயம் தங்கம் அக்கா என்னைத் தனியாகக் கூப்பிட்டார். அவர் எதையும் சத்தமாகச் சொல்லாத ஆள். வேஷப் பெட்டியைத் திறந்து காட்டினார். தாடி இல்லை. காவி இல்லை. "நேத்து சாயங்காலம் இருந்துச்சு. இப்படித்தான் செவ்வா, வியாழன், சனின்னா காணாமப் போகுது, மறுநாள் காலையில வந்துருது" என்றார். முதல் தடவை எப்போது என்று கேட்டேன். தாடிப் பசையை எடுக்கிற எண்ணெய் தீர்ந்துபோன ஒரு நாள், அண்ணன் வேஷத்தோடேயே வீட்டுக்குப் போனாராம். அதற்குப் பிறகுதான் ஆரம்பமாம்.

சரிதான், என் சந்தேகம் வீண் போகவில்லை என்று மனதுக்குள் ஒரு கெட்ட சந்தோஷம் வந்தது. லோரி ஓட்ட எதற்குத் தாடி? எங்கேயோ வீடு வீடாகப் போய்த் திருநீறு கொடுக்கிறார், தட்டில் விழுகிறது, வேறென்ன. மறுநாள் தாடி வந்ததும் போலீஸ் நாய் மாதிரி மோந்து பார்த்தேன். ஊதுவத்தி வாடையோ, சாம்பிராணி வாடையோ வரும் என்று எதிர்பார்த்தேன். ஒன்றும் பிடிபடவில்லை. தங்கம் அக்கா வாங்கி ஒரு தடவை மூக்கில் வைத்தார்.

"இது பூச வாடை இல்ல டைரக்டர், ஆஸ்பத்திரி வாடை."

சொந்த வீட்டுக்கு வந்த விருந்தாளி

ஆஸ்பத்திரியா! நோயாளிகளிடமே கை வைத்துவிட்டானா பாவி என்று கொதித்துப் போனேன். அடுத்த செவ்வாய் காலை புந்தோங்கில் அவர் வீட்டுக்கு எதிர்ப்புறம் காடியை நிறுத்தி, பேப்பரை விரித்து முகத்தை மறைத்துக்கொண்டு உட்கார்ந்தேன். எத்தனையோ படத்தில் இப்படி ஒரு காட்சியைப் பார்த்து நானே சிரித்திருக்கிறேன். அண்ணன் சட்டை, கால்சட்டையோடு வெளியே வந்தார், பையைக் கையில் எடுத்துக்கொண்டு வீட்டுக்குப் பின்னால் இருந்த சந்துக்குள் நுழைந்தார். சற்று நேரத்தில் சந்தின் மறுமுனையிலிருந்து பால்மரத்துச் சாமி வந்தார். வந்தவர் நேரே அதே வீட்டு கேட்டுக்கு முன்னால் நின்று, "தாயி, சாப்பிட்டியா?" என்றார்.

ஒரு அம்மா வெளியே வந்தார். மெலிந்து, முகம் கறுத்து, கையில் ஊசி குத்திய இடமெல்லாம் புடைத்துப்போய். சரசு அக்கா என்று பார்த்ததும் தெரிந்தது. நாற்காலியில் உட்கார்ந்து கையெடுத்துக் கும்பிட்டார். சாமியும் எதிரில் உட்கார்ந்தார். அந்த அம்மா என்னென்னவோ சொன்னார், சாமி குறுக்கே பேசாமல் கேட்டார், நான் சொல்லிக் கொடுத்த அதே தலையசைப்பு. பிறகு இரண்டு பேரும் வீட்டுக் காடியில் ஏறினார்கள், சாமிதான் ஓட்டினார். சிவப்பு விளக்கில் பக்கத்தில் நின்ற மோட்டார்க்காரர் ஹெல்மெட்டைக் கழற்றிக் கும்பிட்டார். நான் பின்னாலேயே போனேன். காடி போய் நின்ற இடம் ரத்தம் சுத்திகரிக்கும் டயாலிசிஸ் சென்டர்.

அக்காவை உள்ளே மெஷினில் போட்டதும் வெளியே வந்த சாமியின் தோளைப் பிடித்தேன். அவர் பதறவில்லை, பெஞ்சில் உட்கார்ந்துவிட்டார். சரசு அக்காவுக்குச் சிறுநீரகம் இரண்டும் போய்விட்டது. வாரத்தில் மூன்று நாள் வர வேண்டும், லோரி வேலை என்று என்னிடம் சொன்னது இதற்குத்தான். கொஞ்ச காலமாக வர மாட்டேன் என்று பிடிவாதம், "சாமி உத்தரவு குடுத்தா போறேன்" என்று சுவர்ப்பக்கம் திரும்பிப் படுத்துக்கொண்டாராம். இப்படியே விட்டால் ஆள் தங்க மாட்டார் என்று டாக்டர் சொல்லிவிட்டார். அண்ணன் கத்தியிருக்கிறார், திட்டியிருக்கிறார், ஜொகூரில் இருக்கும் மகன் போனில் அழுதிருக்கிறான். ஒன்றும் ஆகவில்லை. எண்ணெய் தீர்ந்த அன்றைக்கு வேஷத்தோடு வீட்டுக்குப் போனாரே, அன்று தற்செயலாக "சாப்பிட்டியா?" என்று கேட்டதும் அக்கா எழுந்து உட்கார்ந்துவிட்டாராம். திருநீறு விற்கிறார் என்று நினைத்து வந்தவன், தோளில் இருந்து கையை எடுத்துவிட்டு அவர் பக்கத்தில் உட்கார்ந்தேன்.

"படத்த எப்ப வேணா முடிங்க தம்பி, தாடிய மட்டும் திருப்பிக் கேக்காதீங்க."

தலைவரிடம் ஒரு விண்ணப்பம்

கேட்காமல் இருக்க நான் யார்? குருபூஜை வந்துகொண்டிருந்தது. அன்றைக்குக் காப்பு அவிழ்ந்துவிடும், தாடி ஆற்றோடு போய்விடும். அதற்குப் பிறகு அக்காவை யார் எழுப்புவது? தங்கம் அக்காவிடம் சொல்லி அச்சு அசலாக இன்னொரு தாடி செய்து, அண்ணனிடம் கொடுத்தேன். அவர் தொட மறுத்துவிட்டார். சாமி கனவிலேகூட வராத மனுஷன், இப்போது பயப்படுகிறார். "காப்ப அவுத்த பெறகு போட்டா வீட்டுக்கு ஆகாதுன்னு தலைவர் சொன்னாருல்ல. சரசுவுக்கு ஏதாச்சும் ஆச்சுன்னா? சரசுவுக்கும் இந்தச் சடங்கு தெரியும், குருபூஜைக்கு அப்புறம் வந்தா அது சாமி இல்லன்னு அவளே சொல்லிருவா" என்றார்.

தலைவர் பெருமாளிடம் போனேன். உண்மையைச் சொன்னால் சாமி வேஷத்தில் ஊர் சுற்றினார் என்று அண்ணனைத் தொலைத்துவிடுவார். அதனால், கொஞ்சம் மறுபடியும் எடுக்க வேண்டியிருக்கிறது, காப்பு அவிழ்ப்பதைத் தள்ளிவைக்கலாமா என்று புளுகினேன். எனக்குப் புளுகத் தெரியாது, காது சிவந்துவிடும். அவர் என் காதையே பார்த்துக்கொண்டிருந்தார். எழுந்து கதவைச் சாத்திவிட்டு வந்து உட்கார்ந்தார்.

"எல்லாம் முடிஞ்சிருச்சுன்னு நீங்கதான் சொன்னீங்க, இப்ப தள்ளி வைங்கன்னா, எங்க சாமிய வச்சு என்னா திருட்டு வேல பண்றீங்க?"

ஆற்றோடு போனது

ஞாயிற்றுக்கிழமை குருபூஜை. படத்தைக் கோயிலில் திரை கட்டிக் காட்டினோம், சனம் அழுதது, ஆப்பே முன்வரிசையில் உட்கார்ந்து நம்பர் தேடினார். நான் திரையையே பார்க்கவில்லை. சரசு அக்கா வந்திருக்கிறாரா என்று கூட்டத்தில் தேடினேன். உடம்பு முடியாமல் வரவில்லை என்றார் அண்ணன்.

எல்லாரும் கோலா கங்சாருக்குப் போய் ஆற்றங்கரையில் நின்றோம். நான் தாடியை மாற்றிவிடுவேன் என்று தலைவருக்குச் சந்தேகம், பெட்டியைத் தன் மடியிலேயே வைத்துக்கொண்டு வந்தார். பூசாரி அண்ணன் கையில் இருந்த மஞ்சள் கயிற்றை அறுத்தார். காவியும் உருத்திராட்சமும் போயின. தாடி மட்டும் உடனே போகவில்லை, கரையோரப் புல்லில் மாட்டிக்கொண்டு நின்றது. தலைவர் ஒரு குச்சியை எடுத்துத் தள்ளிவிட்டார். அண்ணன் அது கண்ணை விட்டு மறையும் வரை பார்த்துக்கொண்டே நின்றார். என் காடி புந்தோங் வந்ததும் இறங்கிக் கதவைப் பிடித்துக்கொண்டு நின்றார்.

"செவ்வாக்கெழம காலையில கொஞ்சம் வாங்க தம்பி, எனக்குத் தனியா போக பயமா இருக்கு."

தாடி இல்லாத செவ்வாய்

போனேன். எனக்கும் பயமாகத்தான் இருந்தது. அண்ணன் சட்டை, கால்சட்டையோடு சொந்த வீட்டு கேட்டுக்கு வெளியே நின்றுகொண்டிருந்தார். முகத்தைச் சுத்தமாகச் சிரைத்திருந்தார். சந்துப் பக்கம் ஒரு தடவை பார்த்தார், அங்கே இனி ஒன்றும் இல்லை. உள்ளே போனோம். சரசு அக்கா வழக்கமான நாற்காலியில் தயாராக உட்கார்ந்து வாசலைப் பார்த்துக்கொண்டிருந்தார். அண்ணன் நின்றார். நின்றபடியே பேசப் போகிறார், கத்தப் போகிறார், எல்லாம் முடிந்தது என்று நான் நினைத்தேன். அவர் என்னைத் திரும்பிப் பார்த்தார். என்னையறியாமல் கையைக் கீழே காட்டிவிட்டேன், ஒத்திகையில் காட்டுகிற மாதிரி. அவர் உட்கார்ந்தார். முகத்தைப் பார்த்தார். "சாப்பிட்டியா?" என்று கேட்டார், குனிந்து கேட்க வேண்டிய குரலில்.

அக்கா பதில் சொல்லவில்லை. அண்ணனும் குறுக்கே எதுவும் சொல்லாமல் காத்திருந்தார். பிறகு அக்கா, "ரெண்டு இட்டிலி சாப்ட்டேன். நீங்க சாப்ட்டீங்களா? இல்லன்னா வழியில கடையில தாப்பாவ் பண்ணி எடுத்துக்கிட்டுப் போகலாம், காடிய எடுங்க, நேரமாச்சு" என்றார். அண்ணன் சாவியைத் தேடிக்கொண்டு உள்ளே ஓடினார். ஓடும்போது முகத்தை முழங்கையால் துடைத்துக்கொண்டதை நான் பார்த்தேன்.

நானும் அக்காவும் மட்டும் கூடத்தில் இருந்தோம். என் சந்தேகப் புத்தி அப்போதும் அடங்கவில்லை. சாமி வராமலே கிளம்பிவிட்டீர்களே அக்கா என்று மெதுவாகக் கேட்டேன். அவர் என்னை ஒரு பச்சைப் பிள்ளையைப் பார்ப்பதுபோல் பார்த்தார்.

"மொத நாளே தெரியும் தம்பி. சாமின்னு வந்தவரு நேரா அடுப்படிக்குப் போயி, வழக்கமா குடிக்கிற கிளாஸ எடுத்துத் தண்ணி குடிக்கிறாரு, எங்க வீட்டு கிளாஸ் சாமிக்கு எப்படித் தெரியும்? ஆனா இந்த மனுஷன் எம் முன்னால உட்கார்ந்து, மொகத்தப் பாத்து, நான் பேசி முடிக்கிற வரைக்கும் சும்மா இருந்தது அந்தத் தாடியோடதான். தெரியும்னு சொல்லியிருந்தா எழுந்து போயிருப்பாரு, அதான் கும்புட்டுக்கிட்டே இருந்தேன்."

தலைவரை, நடிகரை, ஆப்பேயை, சில சமயம் மகானையே சந்தேகப்பட்டுப் பிழைக்கும் நான், கையெடுத்துக் கும்பிட்டபடி அந்த நாற்காலியில் உட்கார்ந்து எல்லாரையும்விட நன்றாக நடித்த ஒருத்தியை மட்டும் கொஞ்சம்கூடச் சந்தேகப்படாமல் விட்டுத்தொலைத்தேன்.